புகையில்லாப் புகையிரதம்

கல்லூரியின் விழா மலருக்கு ஏதேனும் எழுதித் தருக எனப் பழைய மாணவர் சங்கத்தார் எம்மைப் பணித்தபோது, இலக்கணத்திலோ புராணத்திலோ ஒரு பொருளைத் தெரிந்து எழுதுவோம் என்றே எதிர்பார்த்திருப்பர். பயிற்றப்பட்ட தமிழாசிரியனுக்கு உரிய துறை அதுவே. ஆயினும் நாம் எழுதத் துணிந்தது அமெரிக்கப் பாலைநிலம் ஒன்றில் ஓடும் வண்டியைப் பற்றி. அதற்குக் காரணம் எம்மோடு விடுதியில் ஓரறையில் வாழ்ந்த நண்பன் ஒருவன். தன் பெயரைப் போடவேண்டாம் என்று கேட்டுக்கொண்டான். அவன் வகுப்பினர் எப்படியும் கண்டுகொள்வர்.

1990 ஆம் ஆண்டு யூன் மாதத்தோடு யாழ்ப்பாணத்துக்குப் புகையிரதம் வருவது நின்றுபோயிற்று. தண்டவாளமும் சிலிப்பர்க் கட்டையும் பதுங்குகுழிகளுக்குப் போயின. நாம் இருவரும் கண்டது அவை கிடந்த மேட்டை மட்டுமே. அப்படியிருக்க, பத்தாம் வகுப்பில் 'ஒரு புகையிரதப் பிரயாணம்' என்று கட்டுரை எழுதும்படி ஆசிரியர் பணித்தார். புகைவண்டியில் ஒருநாளும் ஏறியிராத நாம் பாலங்களையும் சுரங்கங்களையும் வாரியிறைத்து எழுதி இருபதுக்குப் பதினெட்டுப் புள்ளி பெற்றோம். நண்பன், தான் புகையிரதம் பார்த்ததில்லை என்று ஒரே வரி எழுதி இரண்டு புள்ளி பெற்றான். அவன் பின்னர் பொறியியலாளனானான். நாம் கட்டுரை திருத்துபவராயினோம்.

2025 ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில் அவன் அனுப்பிய விமானச் சீட்டில் அரிசோனா மாநிலத்துப் பீனிக்ஸ் நகரில் இறங்கினோம். கையில் ஒரு வெள்ளைக் கோலுடன் தனியே நின்றான். கார் கொண்டு வரவில்லை. விமான நிலையத்திலிருந்து இலவசமாக ஓடும் ஆளில்லா வண்டியில் எம்மை ஏற்றி, 44 ஆம் வீதி நிலையத்தில் இறக்கி, அங்கிருந்து நகர மின்வண்டியில் தன் வீட்டுக்கு அழைத்துச் சென்றான். இருபது மணி நேரத்துக்கு மேல் பறந்து வந்த விருந்தாளியைப் பெட்டியும் கையுமாக இழுத்துச் செல்கிறானே, பணம் சேர்ந்தால் கையும் இறுகுமோ என்று உள்ளூர எண்ணினோம். கோலையும் நாம் ஏதோ நாகரிகமென்றே நினைத்தோம். அந்த எண்ணத்துக்காக இன்றும் நாணுகிறோம்.

வீட்டுக்குப் போன பின்னரே அவன் மனைவி சொன்னார். விழித்திரை நோயினால் இரு கண்களிலும் நடுப்பார்வை போய்விட்டதாம். ஓரப் பார்வையால் நடப்பான். எதிரில் நிற்பவர் முகம் தெரியாது. விமான நிலையத்தில் எம்மை அவன் கண்டது குரலினாற்றான். சாரதி அனுமதிப்பத்திரத்தைத் திருப்பிக் கொடுத்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.

அந்த நாட்டில் அதன் பொருள் என்ன என்பதை நாம் மறுநாட்காலையிற்றான் உணர்ந்தோம். பீனிக்ஸ், டெம்பி, மேசா என்னும் நகரங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கிடக்கின்றன. எங்கே ஒன்று முடிந்து மற்றொன்று தொடங்குகிறது என்பது அறிவிப்புப் பலகையைப் பார்த்தாற்றான் தெரியும்; அப்பாச்சி நெடுவீதி என்பது கிழக்கே போகப் போக மெயின் வீதி ஆகிவிடுகிறது, அவ்வளவுதான். பரப்போ பெரிது. ஒரு றாத்தல் பாண் வாங்குவதற்கும் கார் வேண்டும். நடந்து போகலாமென்றால் வெயில் விடாது. 2023 ஆம் ஆண்டில் தொடர்ந்து 31 நாட்கள் 43 பாகை செல்சியசுக்கு மேல் காய்ந்தது. அவ்வாண்டு அந்த மாரிக்கோப்பா மாவட்டத்தில் வெப்பத்தால் இறந்தோர் 645 பேர். பாலைத்திணையை இருபது ஆண்டுகளாக வகுப்பில் கற்பித்து வரும் நாம், அன்று பத்து மணிக்குப் படலையைத் திறந்து தெருவில் இறங்கி, பத்து அடி வைத்துத் திரும்பி வந்துவிட்டோம்.

அனுமதிப்பத்திரம் போன பின் நண்பன் இரண்டு மாதம் வீட்டைவிட்டு வெளியே இறங்கவில்லையாம். அப்போது அவர்கள் இருந்தது பீனிக்ஸின் தெற்கே, மலைக்கு அப்பாலுள்ள வசதியான குடியிருப்பில். மனைவி வைத்தியசாலைத் தாதி. விடியுமுன் போனால் இருட்டிய பின் வருவார். மகள் படிக்கப் போய்விடுவாள். பாலைக்கு உரிய ஒழுக்கம் பிரிவு என்று சொல்லுவோமே, அவன் எல்லாரோடும் ஒரே வீட்டில் இருந்துகொண்டே அதை அனுபவித்திருக்கிறான். பின்பு அந்தப் பெரிய வீட்டை விற்று, டெம்பியில் மின்வண்டி நிலையத்துக்கு ஐந்து நிமிட நடையில் ஒரு சிறிய வீட்டுக்கு மாறினர்.

அவ்வண்டியைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். ஆங்கிலத்தில் 'லைட் றெயில்' என்பர். இலகு றெயில் என்று வைத்துக்கொள்வோம். இது தெருவின் நடுவே தனித் தண்டவாளத்தில், மேலே செல்லும் மின்கம்பியிலிருந்து வலுவைப் பெற்று ஓடுவது. நாம் பழக்கத்தினால் புகையிரதம் என்று சொல்ல, நண்பனின் மகள் "மாமா, புகை எங்கே?" என்று கேட்டாள். தமிழாசிரியரிடம் விடையில்லை. வண்டியின் தளமும் மேடையும் ஒரே மட்டம், படியில்லை. பார்வை குறைந்தவன் தடக்காமல் ஏறலாம். நிலையத்தின் பெயரை ஒரு குரல் சொல்லும். உள்ளே குளிர்ச்சி. ஒருமுறை செல்ல இரண்டு டொலர். வாயிலில் தடுப்பு எதுவும் இல்லை. சீட்டு இல்லாமல் ஏறலாம், பரிசோதகர் வந்தால் மாட்டிக்கொள்ளலாம். மேடைகளில் கூரையும் மரமும் வைத்து நிழல் செய்திருக்கிறார்கள். அந்த ஊரில் நிழல் என்பது அலங்காரமன்று.

இவ்வண்டி அங்கே புதியது என்பதே எமக்கு வியப்பு. பீனிக்ஸில் 1887 இலேயே ட்ராம் வண்டி ஓடியது. 1947 இல் கொட்டகை தீப்பற்றிப் பெரும்பாலான வண்டிகள் எரிந்தன. மறு ஆண்டோடு அது முடிந்தது. கார் வந்துவிட்டது, இனி எதற்கு என்று இருந்துவிட்டனர். 1989 இல் உயரப்பாலத்தில் செல்லும் றெயில் ஒன்றுக்கு வாக்குக் கேட்டபோது மக்கள் மறுத்தனர். 1996 இல் நெடுந்தூரப் பிரயாணிகள் வண்டியும் பீனிக்ஸை விட்டுப் போயிற்று. அதே ஆண்டில் டெம்பி மக்களும், 2000 இல் பீனிக்ஸ் மக்களும் போக்குவரத்துக்கென விற்பனை வரியைக் கூட்ட ஒப்புக்கொண்டனர். 2008 டிசெம்பர் 27 இல் மூன்று நகரங்களையும் இணைத்து 20 மைல் பாதை திறக்கப்பட்டது. ட்ராம் நின்று அறுபது ஆண்டுகள். யாழ்ப்பாணத்துக்குப் புகையிரதம் திரும்ப வர 2014 ஒக்டோபர் வரை இருபத்துநான்கு ஆண்டுகள் ஆயின. போர் முறித்ததற்கு இவ்வளவு, மக்கள் தாமே கைவிட்டதற்கு அவ்வளவு என்று நாம் கணக்குப் பார்த்தோம்.

மூன்றாம் நாள் நண்பன், "வா மச்சான், தெற்குப் பாதையைக் காட்டுகிறேன்" என்று அழைத்தான். பல்கலைக்கழகத்தைக் கடந்து, டெம்பி ஏரிமேல் கட்டிய பாலத்தில் வண்டி ஏறியது. ஏரி இயற்கையன்று, உப்பாறு என்ற பொருளுடைய ஆற்றின் மேற்பகுதியை அணைகளால் மறித்தபின் மணலாய்க் கிடந்த படுகையில் ஒரு துண்டைத் தடுத்து 1999 இல் நீர் நிரப்பினார்களாம். பீனிக்ஸ் நடுநகரில் வேறு வண்டி மாறினோம். 2025 யூன் 7 இல் திறந்த ஐந்தரை மைல் பாதை அது. மாறுமிடத்தில் தூண்கள் இன்னும் புதிதாய் மின்னின. எம் எதிரில் ஒரு மூதாட்டி, போர்வையும் மூன்று பைகளும் மடியில் வைத்து, கண்மூடி இருந்தார். அவர் இறங்கப் போவதற்கு ஓரிடம் இருந்ததாக எமக்குத் தோன்றவில்லை. குளிர்ச்சிக்காக வந்திருந்தார்.

ஆற்றின் வறண்ட மணலைத் தாண்டியபோது நண்பன் பேசத் தொடங்கினான். இந்தத் தென்பகுதி நெடுங்காலம் கறுப்பின மக்களும் மெக்சிக்க மரபினரும் ஒதுக்கி வைக்கப்பட்ட இடம்; வடக்கே வீடு வாங்க அவர்களுக்கு உறுதிகளே தடை போட்டிருந்தன. இங்கே றெயில் போடுவதற்காக நான்கு நிரை வீதியை இரண்டாகக் குறுக்கத் திட்டமிட்டபோது கடைக்காரர் சிலர் அஞ்சினர். அவர்கள் அச்சத்தில் நியாயமும் இருந்தது. வருடக்கணக்கில் வாசலைத் தோண்டிப் போட்டால் எந்தக் கடைக்கு ஆள் வரும்? எதிர்ப்பு வளர்ந்து, 2019 ஆகஸ்டில் பீனிக்ஸ் முழுவதிலும் வாக்கெடுப்பாயிற்று. இனி எங்குமே றெயிலை நீட்டக்கூடாது என்பது முன்மொழிவு.

"நான் அதற்கு ஆதரவாக வாக்குப் போட்டேன்" என்றான்.

நாம் பேசாதிருந்தோம்.

"என்னிடம் இரண்டு கார் இருந்தது. என் வரியில் யாரோ ஏறிப்போக வண்டியா என்று நினைத்தேன். ஒரு நிமிடங்கூட யோசிக்கவில்லை, மச்சான். அந்தக் கடைக்காரர்களுக்காகவும் போடவில்லை. தோற்றுப் போனோம், நூற்றுக்கு அறுபதுக்கு மேலே எதிர்த்துப் போட்டார்கள். அன்றைக்குப் பெரிய கோபம்."

ஒவ்வொரு நிலையத்திலும் ஆட்கள் ஏறினர். சமையற்காரர் உடையில் ஒருவர், குழந்தை வண்டிலோடு ஓர் இளந்தாய், புத்தகப்பை மாட்டிய பிள்ளைகள். அவன் அவர்கள் முகங்களைக் காணான். குரல்களைக் கேட்டபடி இருந்தான். பின், "இவர்கள் போட்ட வாக்கில் நான் ஏறிப் போகிறேன்" என்று மெல்லச் சொன்னான்.

ஆறுதல் சொல்ல எமக்குத் தகுந்த சொல் வரவில்லை. பத்தாம் வகுப்புக் கட்டுரையை நினைவூட்டினோம். "இரண்டு புள்ளி" என்று உடனே சொன்னான்; ஆசிரியர் சிவப்பு மையில் எழுதிய குறிப்பும் அவனுக்கு நினைவிருந்தது. இப்போது எழுதினால் எத்தனை கிடைக்கும் என்று கேட்டான். எழுதித் தந்தால் திருத்துவோம் என்றோம். கையால் எழுத இயலாது, நான் சொல்கிறேன் நீ எழுது என்றான்.

பேஸ்லைன் வீதியில் பாதை முடிந்தது. இறங்கி, கூரையின் கீழ் நின்றோம். நிழல் மேடையில் ஒரு முழம் அகலத்துக்கே விழுந்திருந்தது. அவன் கோலால் அதன் ஓரத்தைத் தடவிப் பார்த்து, எம்மை உள்ளே இழுத்து நிறுத்தினான். திரும்பிச் செல்லும் வண்டி புறப்படச் சில நிமிடங்கள் இருந்தன. சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்தோம்.