பாதி நாளில் இரண்டு ஊர்

ஹாலந்துக்குப் போனால் ஒரு காரியம் செய்யலாம். அரை நாளைக்கு ஒரு கைடை நமக்கே நமக்கென்று அமர்த்திக்கொண்டு, ஒன்றுக்கொன்று ஒட்டாத இரண்டு ஊர்களைப் பார்த்துவிடலாம். 2017-ல் வேலை விஷயமாக அந்தப் பக்கம் போனபோது நானும் பார்த்தேன். எவ்வளவு செலவு என்று மட்டும் கேட்காதீர்கள். பி.காம். படித்த புத்தி, யூரோவை ரூபாயால் பெருக்கிப் பார்க்காமல் தூங்காது. பெருக்கிப் பார்த்த பிறகும் தூங்கவில்லை.

முதலில் டெல்ஃப்ட். தெருவுக்குத் தெரு வாய்க்கால், செங்கல் வீடுகள், நீலப் பூப்போட்ட பீங்கான் தட்டுகள். வெர்மீர் என்ற ஓவியர் 1632-ல் பிறந்ததும் 1675-ல் இறந்ததும் அந்த ஊரில்தான். அங்கிருந்து சுமார் பதினைந்து கிலோமீட்டரில் ராட்டர்டாம். 1940 மே 14-ம் தேதி ஜெர்மன் விமானங்கள் கால்மணி நேரம் குண்டு போட்டதில் பழைய நகரத்தின் நடுப்பகுதியே இல்லாமல் போய்விட்டது. பிறகு எழுப்பியதெல்லாம் கண்ணாடியும் கான்கிரீட்டும். சாய்த்துவைத்த பகடைக்காய் மாதிரி வீடுகள்கூட இருக்கின்றன. அதற்குள்ளும் மனிதர்கள் குடியிருக்கிறார்கள்.

கைடு ஒரு நடுத்தர வயதுப் பெண்மணி. ''அது நேற்று, இது நாளை'' என்று நாலே வார்த்தையில் முடித்துவிட்டார். நானும் டைரியில் எழுதிக்கொண்டேன். எழுதும்போதே மனசு கேட்டது, நம்மிடம் இல்லாததா?

இருக்கிறது. ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம். நடுவில் பன்னிரண்டு கிலோமீட்டர்தான். ஒன்றில் ஆண்டாள், இன்னொன்றில் ஆலை. நான் பிறந்து பத்து வயது வரை வளர்ந்தது முதல் ஊரில். அப்பா வேலை பார்த்தது இரண்டாவது ஊரில். 1987-ல் சென்னைக்கு வந்துவிட்டோம். அதற்குப் பிறகு கல்யாணம், காட்சி என்று போனாலும் மண்டபத்தைப் பார்த்துவிட்டு ரயில் ஏறிவிடுவேன். ஊரைப் பார்த்ததில்லை.

போன ஆவணியில் பெரியப்பா பேத்தியின் கல்யாணம் ஸ்ரீவில்லிபுத்தூரில் நடந்தது. மறுநாள் இரவுதான் பொதிகை எக்ஸ்பிரஸ். காலையில் பாதி நாள் கையில் மிச்சம். ஹாலந்து ஞாபகம் வந்தது. ஆட்டோ ஸ்டாண்டில் இருந்த பெரியவரிடம் பேசினேன். அறுபத்தைந்து வயது இருக்கும்.

''அண்ணாச்சி, ரெண்டு ஊரையும் சுத்திக் காட்டணும். சும்மா ஓட்டினாப் பத்தாது. ஒவ்வொண்ணா சொல்லிக் காட்டணும்.''

''சொல்றதுக்குத் தனிக் காசா சார்?''

''ரெண்டுக்கும் சேர்த்துத்தான்.''

''அப்ப ஆயிரத்து இருநூறு. வாய் வலிக்கும்ல?''

வாய் வலித்த மாதிரிதான் பேசினார். நாலு வார்த்தைக்கு ஒரு தடவை நின்று, மூச்சை இழுத்துக்கொண்டு, மறுபடி ஆரம்பிப்பார். பீடி என்று நினைத்துக்கொண்டேன்.

முதலில் கோயில். பதினோரு நிலை, 192 அடி உயரம். தமிழக அரசு முத்திரையில் இருப்பது இந்தக் கோபுரம்தான் என்று எங்களுக்குச் சொல்லித்தான் வளர்த்தார்கள். மதுரைக்காரர்கள் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். அது மீனாட்சி கோயிலின் மேற்குக் கோபுரம் என்பார்கள். இந்த வழக்கில் அண்ணாச்சியின் தீர்ப்பு: ''யார் கோபுரமா இருந்தா என்ன சார், கையெழுத்துப் போடுறது மெட்ராஸ்லதான?''

ஆண்டாள் கையில் இருக்கும் கிளியைப் பார்த்திருக்கிறீர்களா? இலையில் செய்தது. மாதுளம்பூ மூக்கு, மரவள்ளி இலை உடம்பு. ஒரு கிளி செய்ய நாலைந்து மணி நேரம் ஆகும். மறுநாள் அது ஒரு பக்தருக்குப் போய்விடும். ஆண்டாளுக்குப் புதுக் கிளி வந்துவிடும். இது காமர்ஸ் படித்தவனுக்கு இடிக்கும். எந்தச் சொத்துக்கும் வருஷத்துக்கு இத்தனை சதவிகிதம் என்றுதான் தேய்மானம் எழுதச் சொல்லிக்கொடுத்தார்கள். இந்தக் கிளிக்கு ஒரே நாளில் நூறு சதவிகிதம். அடுத்த நாள் காலையில் மறுபடி முதலிலிருந்து.

ஆண்டாள் மாலை சூடி அழகு பார்த்ததாகச் சொல்லும் கண்ணாடிக் கிணற்றை எட்டிப் பார்த்தேன். சின்ன வயதில் அப்பா என்னைத் தூக்கிக் காட்டுவார். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும்தான். அன்றைக்கு அவர் வேறு ஆள். பிரகாரத்தில் என்னோடு ஓடிப் பிடித்து விளையாடுவார், பால்கோவா வாங்கித் தருவார், பாட்டுக்கூடப் பாடுவார். திங்கட்கிழமை காலையில் அதே மனுஷனிடம் ஒரு வார்த்தை பேச முடியாது. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்திருப்பார். கிட்டே போனால் கையாலேயே 'போ' என்பார். ஒருமுறை பரீட்சையில் முதல் மார்க் வாங்கிய பேப்பரைக் காட்டப் போனேன். அதற்கும் அதே கைதான்.

அந்தக் கையை நான் மறக்கவே இல்லை. ''உங்க தாத்தா கடுமையான ஆளு'' என்று என் மகனிடமே சொல்லியிருக்கிறேன். 2009-ல் அவர் இறந்தபோது அழுதேன். ஆனால் அந்தத் திங்கட்கிழமைகளை மன்னிக்கவில்லை.

கோயிலை விட்டு வெளியே வந்தோம். 1875-ல் ஆரம்பித்த பென்னிங்டன் நூலகத்தைக் காட்டினார். விருதுநகர் மாவட்டத்துக்கு கலெக்டர் ஆபீஸ் விருதுநகரில் இருந்தாலும் மாவட்ட நீதிமன்றம் இங்கேதான் என்றார். ஒரு பால்கோவா கடையின் பின்பக்கம் கூட்டிப்போனார். விறகு அடுப்பு, இரும்புச் சட்டி, பால், சர்க்கரை, நிறுத்தாமல் கிண்டும் ஒரு மனிதர். இந்தப் பால்கோவாவுக்கு 2019-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. கிண்டுகிறவரின் தோள்பட்டைக்கு எந்தக் குறியீடும் இல்லை.

ராஜபாளையம் போகிற வழியில் மேற்கே மலை கூடவே வந்தது. தென்னை, மாந்தோப்பு, மில் சுவர், மறுபடி தென்னை. என் கட்டுரைக்கு அதற்குள் தலைப்பு தயார். 'பக்தி ஒரு ஊர், பஞ்சு ஒரு ஊர்.' எங்கள் தொழிலில் ஊரைப் பார்ப்பதற்கு முன்னாலேயே தலைப்பு வந்துவிடுவது ஒரு வியாதி.

ராஜபாளையத்தில் அண்ணாச்சிக்கு உற்சாகம் வந்துவிட்டது. விஜயநகரக் காலத்தில் தெலுங்கு தேசத்திலிருந்து வந்த ராஜுக்கள் உருவாக்கிய ஊர். இன்னும் வீட்டுக்குள் தெலுங்குதான். பி.எஸ்.குமாரசாமி ராஜா இந்த ஊர்க்காரர். 1949-ல் சென்னை மாகாணத்தின் பிரதமர் ஆனார். 1950-ல் குடியரசானதும் அதே பதவிக்கு முதலமைச்சர் என்று பெயர். 1952 தேர்தலில் தோற்றார். பிறகு ஒரிசாவுக்கு கவர்னர். தன் வீட்டையே காந்தி கலை மன்றத்துக்குக் கொடுத்துவிட்டார். ''இப்ப தோத்தவங்க வீட்டைக் குடுப்பாகளா, இன்னொரு வீடு வாங்குவாகளா?'' என்றார் அண்ணாச்சி. நான் பத்திரிகைக்காரன் என்பதால் பதில் சொல்லவில்லை.

பி.ஏ.சி.ராமசாமி ராஜா 1936-ல் ராஜபாளையம் மில்லைத் தொடங்கினார். அதன் பிறகு ஊரின் கடிகாரமே மாறிப்போனது. சூரியனைப் பார்த்து வயலுக்குப் போனவர்கள் சங்குச் சத்தத்துக்கு எழுந்திருக்கப் பழகினார்கள். பக்கத்தில் சத்திரப்பட்டி. நமக்கு அடிபட்டால் ஆஸ்பத்திரியில் சுற்றுகிறார்களே பேண்டேஜ் துணி, அதற்குப் பேர்போன ஊர். ராஜபாளையம் நாயைத்தான் எல்லோருக்கும் தெரியுமே. பால் வெள்ளை, இளஞ்சிவப்பு மூக்கு. 2005-ல் தபால்தலையே வெளியிட்டார்கள். ''சில குட்டிக்குப் பொறக்கும்போதே காது கேக்காது சார். ஆனா காவலுக்கு அதை விட்டா ஆள் இல்லை.''

எல்லாம் குறித்துக்கொண்டேன். தலைப்பையும் அவரிடம் சொல்லிப் பார்த்தேன்.

''அண்ணாச்சி, அந்த ஊர் பக்தி, இந்த ஊர் பஞ்சு. சரிதான?''

அவர் பதில் சொல்லாமல் ஆட்டோவைத் திருப்பி ஒரு சந்தில் விட்டார். ஒரு பழைய மில். பெயர் வேண்டாம். மூடிப் பல வருஷமாகிவிட்டது. காம்பவுண்டு சுவரும் கேட்டும்தான் பாக்கி. உள்ளே வேலிக்கருவை.

''இங்கதான் முப்பத்தோரு வருஷம். கார்டிங் செக்‌ஷன்.''

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்பா வேலை பார்த்தது வேறு மில். ஆனால் அவரும் கார்டிங்தான். மேஸ்திரியாக இருந்தார்.

கார்டிங் என்றால் என்னவென்று தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். பேல் பேலாக வரும் பஞ்சை முதலில் உடைத்து உதறுவார்கள். பிறகு முள் வைத்த உருளைகளில் சீப்புப் போட்டு வாருவது மாதிரி வாரி, இழைகளை ஒரே திசைக்குக் கொண்டுவருவார்கள். நூல் நூற்பதெல்லாம் அதற்கப்புறம்தான். இந்த இரண்டு இடத்திலும்தான் தூசி அதிகம். அந்தக் காலத்தில் தூசியை உறிஞ்சும் ஏற்பாடு எல்லா மில்லிலும் சரியாக இருந்ததில்லை.

''உள்ள போனா ஆளுக்கு ஆள் முகம் தெரியாது சார். தலை, மீசை, புருவம் எல்லாம் வெள்ளை. அதுகூடப் பரவாயில்லை. திங்கட்கிழமைதான் சிரமம்.''

''திங்கட்கிழமையா?''

''ஞாயித்துக்கிழமை லீவுல நெஞ்சு நல்லாத்தான் இருக்கும். திங்கட்கிழமை மறுபடி உள்ள போனோம்னா அடைச்சிக்கும். கல்லைத் தூக்கி வச்ச மாதிரி. செவ்வாய், புதன்ல கொஞ்சம் கொஞ்சமா பழகிடும். ஞாயித்துக்கிழமை லீவு விட்டா மறுபடி திங்கட்கிழமை. வருஷம் போகப் போக, ஷிப்டுக்குக் கிளம்புறதுக்கு முன்னாடியே மூச்சு முட்ட ஆரம்பிச்சிரும். அந்நேரம் யாராவது பேச்சுக் குடுத்தா கையைத்தான் ஆட்ட முடியும். வாயத் திறந்தா காத்து பத்தாது.''

கையை ஆட்டிக் காட்டினார். அதே கை.

இதற்கு பிஸினோசிஸ் என்று பெயர். பஞ்சுத் தூசியால் வரும் நுரையீரல் நோய். விடுமுறை முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாளில் நெஞ்சை இறுக்குவதுதான் இதன் அடையாளம். இங்கிலாந்தில் லங்காஷயர் நூற்பாலைகளிலும் தொழிலாளிகள் திங்கட்கிழமையைத்தான் சபித்தார்கள். ஆரம்பத்திலேயே தூசியை விட்டு விலகினால் தப்பிக்கலாம். வருஷக்கணக்கில் போனால் நிரந்தரமாகத் தங்கிவிடும். நமது தொழிலாளர் சட்டங்களின் தொழில்நோய்ப் பட்டியலில் இதன் பெயர் இருக்கிறது. இதெல்லாம் நான் அப்புறம் தேடிப் படித்தது. அந்த மில்லும் மெஷினுக்கு வருஷா வருஷம் தேய்மானம் எழுதியிருக்கும். நெஞ்சுக்கு எந்தப் பத்தியில் எழுதியிருப்பார்கள்?

''நீங்க ஏன் அண்ணாச்சி வில்லிபுத்தூர்ல குடியிருக்கீங்க? மில்லுக்குப் பக்கத்துலயே இருந்திருக்கலாமே?''

''மில் லைன் வீட்டுலதான் இருந்தேன். டாக்டர்தான், ராத்திரியாவது தூசி இல்லாத இடத்துல போய்ப் படுன்னாரு. என்னை மாதிரி எத்தனை பேரு தெரியுமா? ரெண்டு ஊருங்கிறது உங்களை மாதிரி பாக்க வர்றவகளுக்கு சார். எங்களுக்கு ஒரே ஊருதான். அங்க படுக்கை, இங்க வேலை.''

தலைப்பு அங்கேயே செத்துவிட்டது.

திரும்பி வரும்போது இரண்டு பேரும் அதிகம் பேசவில்லை. அவருக்கு மூச்சு வேண்டும், எனக்கு வார்த்தை வேண்டும். இறங்கும்போது இரண்டாயிரம் கொடுத்தேன். எண்ணூறைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். ''பேசினது ஆயிரத்து இருநூறுதான?''

விருந்துக்குப் போவதற்கு முன்னால் அம்மாவுக்கு போன் போட்டேன்.

''அம்மா, அப்பாவுக்குத் திங்கட்கிழமை மூச்சு முட்டுமா?''

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. ''இப்ப என்ன திடீர்னு?''

''சும்மாதான் கேட்டேன்.''

''ஞாயித்துக்கிழமை ராத்திரியே எனக்கு பயம் வந்துரும்டா. பிள்ளைக பாத்தா பயந்துரும்னு திண்ணையில போய் உக்காந்துக்குவார். உள்ள வரவே மாட்டார்.''

''நாம வில்லிபுத்தூர்ல இருந்தது நீ தினமும் கோயிலுக்குப் போறதுக்காகன்னு சொல்வியே?''

''மேஸ்திரிக்கு நெஞ்சு சரியில்லைன்னு தெரிஞ்சா வேலை என்ன ஆகும்? அதான் எனக்கு ஆண்டாள் பக்கத்துல இருந்தாத்தான் நிம்மதின்னு எல்லார்கிட்டயும் சொல்லி வச்சேன். சொல்லிச் சொல்லி அதுவும் நிஜமாயிடுச்சு.''

அதன் பிறகுதான் எனக்கு 1987-ம் புரிந்தது. நல்ல சம்பளத்தை விட்டுவிட்டு சென்னையில் ஒரு லாரி ஷெட்டில் கணக்கு எழுத ஏன் போனார் என்று அப்பாவிடம் நான் கேட்டதே இல்லை.

நீங்களும் ஒருமுறை போய்வாருங்கள். பாதி நாள் போதும். கோபுரத்தைப் பாருங்கள், கிளியைப் பாருங்கள், மில்களைப் பாருங்கள், நாய்க்குட்டியும் பாருங்கள். பால்கோவாவை மறக்காதீர்கள். ஆனால் சுற்றிக் காட்டுகிறவரிடம், 'உங்களுக்கு வேலை எங்கே, வீடு எங்கே, ஏன்?' என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

சென்னை வந்ததும் என் மகனை உட்காரவைத்து அவன் தாத்தாவைப் பற்றி நான் சொன்னதைத் திருத்திச் சொன்னேன். பால்கோவாவைத் தின்றுகொண்டே கேட்டான். ''அப்ப அவருக்குக் கோபமே கிடையாதாப்பா?''

தெரியவில்லை என்றேன். அதையும் கேட்டிருக்க வேண்டியவரிடம் கேட்காமல் விட்டுவிட்டேன்.

டெல்ஃப்ட்டையும் ராட்டர்டாமையும் காட்டிய அந்தப் பெண்மணி எந்த ஊரில் குடியிருந்தார் என்பதும் எனக்குத் தெரியாது.