விண்மீன்களும் மலர் முத்திரையும்

மேலைச் செவ்வியல் இசையில் ஒரே படைப்புக்குப் பல ஒலிப்பதிவுகள் உண்டு. எதைத் தேர்வது என்று திகைப்போருக்குத் திறனாய்வுக் கையேடுகள் துணையாயின. 1923-இல் 'கிராமபோன்' இதழைத் தொடங்கிய காம்ப்டன் மெக்கன்சி கத்தோலிக்க மறையைத் தழுவியவர் என்பது நமக்குச் சிறு மகிழ்ச்சி. 1975-இல் பென்குயின் கையேடு வெளிவந்தது. அதன் ஆசிரியர்களான ஐவன் மார்ச், எட்வர்ட் கிரீன்ஃபீல்ட், ராபர்ட் லேட்டன் மூவரும் இன்று இல்லை. நெடுங்காலம் அவர்கள் மூன்று விண்மீன்கள் வரை வழங்கினர். அரிதாக ஒரு மலர் முத்திரையும் இட்டனர். திறனாய்வாளரின் உள்ளத்தைத் தனிப்படத் தொட்ட பதிவுக்கே அம்முத்திரை. அது தம் சொந்த விருப்பம் என்பதை அவர்கள் மறைக்கவில்லை. அந்த நேர்மையே என்னை ஈர்த்தது.

விண்மீன்களை எண்ணுவதைவிட, அவற்றின் அருகிலுள்ள காரணங்களைப் படிப்பதே பயன் தரும். பாக் இயற்றிய மத்தேயு பாடுகளின் இசையை எடுத்துக்கொள்வோம். 1960-களின் தொடக்கத்தில் கிளெம்பெரர் பெரும் பாடகர் குழுவைக்கொண்டு பதிவு செய்தார். அதில் தொடக்கப் பாடல் மட்டும் பதினொரு நிமிடங்களைத் தாண்டும். 1988-இல் கார்டினர் பழங்கால இசைக்கருவிகளோடு அதே பாடலை ஏறத்தாழ ஏழு நிமிடங்களில் முடிக்கிறார். முன்னதில் சிலுவை சுமந்த கால்கள் தள்ளாடுகின்றன; பின்னதில் கூட்டம் பதறி ஓடுகிறது. முதலாவதைத் திறனாய்வாளர் ஒருவர் "மிகக் கனமானது" என்று குறை கூறலாம். தவக்காலத்தில் வியாகுல ஒப்பாரி கேட்டு வளர்ந்த செவிக்கு அக்கனமே தேவைப்படலாம். ஆகவே, நம்மோடு எப்போதும் முரண்படும் திறனாய்வாளரும், காரணத்தைச் சொல்வாராயின், நம்பத்தக்க வழிகாட்டியே.

தியானம் நடத்துபவர் தராசின் முள்போல நடுவில் நிற்க வேண்டும், படைத்தவரே அந்த ஆன்மாவோடு நேரே உறவாடட்டும் என்பது புனித இஞ்ஞாசியாரின் அறிவுரை. இசைத் திறனாய்வாளர் அவ்வாறு நடுநிலை காக்க இயலாது, காக்கவும் வேண்டாம். ஆனால் கேட்பவருக்கும் இசைக்கும் இடையே அவர் நிலையாக நின்றுவிடலாகாது. முத்திரை பெற்றவற்றை மட்டுமே வாங்கி அடுக்கும் அன்பர்களை அறிவேன். எது பிடித்தது என்று கேட்டால் கையேட்டைத் திறக்கிறார்கள்!

பங்கின் பாடகர் குழு இளைஞர் ஒருவர் எதைக் கேட்கலாம் என்று வினவினார். மேற்சொன்ன இரண்டோடு, ஒரு குரல்வரிக்கு ஒருவரே பாடும் மெக்ரீஷின் 2003-ஆம் ஆண்டுப் பதிவையும் கொடுத்தேன். அவர் மூன்றாவதையே தேர்ந்தார். எனக்கு அது மெலிந்து ஒலிக்கிறது. வாதம் இன்னும் முடியவில்லை.