இருட்டுக்கு ஒரு பெயர்

கைத்தொலைபேசியில் விளையாடும் நண்பர்களுக்கு இது தெரிந்திருக்கும். விளையாட்டு தொடங்கும் முன் திரையில் ஒரு வெற்றுக் கட்டம் தோன்றும். உன் பெயர் என்ன என்று கேட்கும். பிறந்தபோது நம்மை யாரும் கேட்கவில்லை. பள்ளியில் சேர்த்தபோதும் கேட்கவில்லை. வாழ்க்கையிலேயே முதன்முறையாக ஒருவர் (ஒருவரா, ஒரு கருவி!) உனக்கு என்ன பெயர் வேண்டும் என்று நம்மிடமே கேட்கிறார். அந்தக் கட்டத்தின் முன் நான் ஏறக்குறைய ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன்.

அது 2017. அப்போது நான் படிவம் ஒன்று. மொபைல் லெஜண்ட்ஸ் வெளிவந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது. நண்பர்கள் எல்லாரும் பயங்கரமான பெயர்களை வைத்திருந்தார்கள். ஒருவன் 'பிளட் ரீப்பர்'. இன்னொருவன் 'டெத் ஏஞ்சல்'. மற்றொருவன் 'வேம்பயர் கிங்'. இரவில் கழிப்பறைக்குப் போகத் தம்பியைத் துணைக்கு எழுப்புகிறவன் அவன். நான் 'டார்க் அலுகார்ட்' என்று வைத்தேன். முன்னும் பின்னும் கல்லறைச் சிலுவைகள் வேறு! அலுகார்ட் அந்த விளையாட்டில் பெரிய வாள் ஏந்தி வரும் வீரன். பெயரைக் கேட்டாலே எதிரி நடுங்குவான் என்று நினைத்தேன். யாரும் நடுங்கவில்லை என்பது வேறு கதை.

உண்மையில் கெட்டிக்காரர்கள் பெயரைப் பற்றிக் கவலைப்படுவதில்லை போலும். 2013-இல் சியாட்டலில் நடந்த டோட்டா 2 அனைத்துலகப் போட்டியில் மலேசியாவின் ஆரஞ்சு அணி மூன்றாம் இடம் பிடித்தது. அந்த அணியின் நட்சத்திரம் சாய் யீ ஃபங்கை உலகமே 'முஷி' என்றுதான் அழைத்தது. முஷி என்றால் ஜப்பானிய மொழியில் பூச்சி! அவர் பூச்சியாக இருந்துகொண்டே வென்றார். நாங்கள் டிராகுலாவாக இருந்துகொண்டு தோற்றோம்.

சரி, எனக்கு ஏன் அப்படி ஒரு பெயர் தேவைப்பட்டது? அதைச் சொல்லக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

தமிழ்ப்பள்ளியில் ஆறாண்டுகள் எனக்கு ஒரு பெயர்தான். தேசிய இடைநிலைப்பள்ளியில் புகுமுக வகுப்புக்குப் போன முதல் நாள் அது நீண்டுவிட்டது. ஆசிரியை பதிவேட்டைப் பார்த்து என் பெயரைப் படித்து, அதோடு நிறுத்தாமல், "அனாக் லெலாக்கி கருப்பன்" என்று முழுதாக முடித்தார். மலாய் மாணவர்கள் யாரும் சிரிக்கவில்லை. அவர்களுக்கு அதற்குப் பொருள் தெரியாது. சிரித்தவர்கள் நம் பிள்ளைகள்தாம். "டேய், கருப்பன் மகன் கருப்பாத்தானே இருப்பான்" என்று பின்வரிசையில் இருந்து ஒரு குரல். அன்று முதல் எந்தப் பாரத்திலும் அப்பாவின் பெயரை 'கே' என்ற ஒரே எழுத்தாகச் சுருக்கினேன். கே என்றால் என்ன என்று கேட்டவர்களிடம் குமார் என்றேன். எவ்வளவு சுலபமாக வந்தது அந்தப் பொய்!

அப்பா மீன் வியாபாரி. எங்கள் ஊர் கோத்தா கோலா மூடாவின் பாசார் பீசிக்கைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். படகுகள் கரைக்குத் திரும்பியதும் நடக்கும் மீன் ஏலம் அது. ஆனால் கூச்சல் இருக்காது. வாங்க வருகிறவர்கள் ஒவ்வொருவராக ஏலம் விடுபவரின் காதருகே குனிந்து, தம் விலையைக் கிசுகிசுத்துவிட்டு நகர்வார்கள். அடுத்தவன் என்ன விலை சொன்னான் என்பது யாருக்கும் தெரியாது. அதிகம் சொன்னவருக்கு மீன். அவ்வளவுதான். அப்பா அங்கே வாங்கிய மீனை ஐஸ் பெட்டியில் போட்டு, மோட்டாரில் கட்டிக்கொண்டு, தோட்டம் தோட்டமாகப் போய் விற்பார். காதில் விழுந்ததை வாய்விட்டுச் சொல்லாத பழக்கம் அவருக்கு அங்கேதான் வந்ததோ என்னவோ.

2019-இல் சுங்கை பட்டாணியில் ஒரு பேரங்காடியில் போட்டி. எங்கள் ஐவர் அணியும் பெயர் கொடுத்தது. மூன்று மலாய் நண்பர்கள், ஒரு சீன நண்பன், நான். பெரிய திரையில் 'டார்க் அலுகார்ட்' என்று என் பெயர் மின்னியபோது வந்த பெருமிதத்தை இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது. இரண்டாம் சுற்றிலேயே வெளியேறினோம்.

மேடையை விட்டு இறங்கும்போது அப்பா நின்றுகொண்டிருந்தார். வியாபாரத்தை முடித்துவிட்டு நேராக வந்திருக்கிறார். மீன் வாடை அடிக்கும் அதே சட்டை, கையில் ஐந்து பொட்டலம் நாசி லெமாக். எங்கள் அணித் தலைவன் மலாய்ப் பையன், மிகவும் மரியாதை தெரிந்தவன். ஓடிப்போய்ப் பொட்டலங்களை வாங்கிக்கொண்டு, "தெரிமா காசே, அங்கிள் குமார்!" என்றான்.

என் வயிற்றில் ஏதோ விழுந்தது போலிருந்தது.

அப்பா ஒரு கணம் என்னைப் பார்த்தார். பிறகு அவனிடம் திரும்பி, "சாமா சாமா" என்று சிரித்தார். அதற்குள் மற்றவர்களும் "அங்கிள் குமார், அங்கிள் குமார்" என்று சூழ்ந்துகொண்டார்கள். எல்லாருக்கும் பதில் சொன்னார். சாப்பிட்டு முடிக்கும் வரை குமாராகவே இருந்தார்.

வீட்டுக்குப் போகும் வழியில் மோட்டாரில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "தோத்துட்டீங்களாய்யா?" ஆமாம் என்றேன். "பரவால்ல, அடுத்த தடவ பாத்துக்கலாம்." அன்றிரவு அவர் ஐஸ் பெட்டியைக் கழுவும்போது நான் போய்த் தண்ணீர் ஊற்றினேன். வழக்கமாக நான் அந்தப் பக்கமே போவதில்லை. அப்போதும் ஒன்றும் கேட்கவில்லை.

அதன் பிறகு நான் 'கே' போடுவதை நிறுத்திவிட்டேன் என்று எழுத ஆசைதான். ஆனால் நிறுத்தவில்லை. மேலும் இரண்டாண்டுகள் குமார் மகனாகவே இருந்தேன்.

2020-இல் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்தபோது பொழுதெல்லாம் விளையாட்டுதான். கோலாலம்பூர்ப் பையன் ஒருவன் புதிதாக அணியில் சேர்ந்தான். அவன் பெயர் 'பிளாக் சுனாமி'. எங்கள் அணித் தலைவன் மீனவக் குடும்பம். "அந்தப் பெயர் வேண்டாம், மாற்றிவிடு" என்று அமைதியாகச் சொன்னான். வந்தவனுக்குப் புரியவில்லை. 26.12.2004 அன்று கடல் ஊருக்குள் வந்ததும், உடைந்த படகுகளை நினைவுச் சின்னமாக வைத்திருப்பதும் அவனுக்கு எப்படித் தெரியும்? எனக்கே அப்போது ஒரு வயதுதான். பயங்கரமான பெயர் வைத்து விளையாட, அந்தப் பயங்கரம் வேறு யாருக்கோ நடந்ததாக இருக்க வேண்டும் போலிருக்கிறது.

பல்கலைக்கழகத்துக்கு வந்த பிறகு ஓர் இடுபணிக்காக கோத்திக் கதைகளைப் பற்றிப் படிக்க வேண்டியிருந்தது. 1764-இல் ஹொரேஸ் வால்போல் எழுதிய 'ஒட்ராண்டோ கோட்டை' நாவலில் தொடங்கிப் பாழடைந்த மாளிகை, சுரங்கவழி, ஆவி என்று வளர்ந்து, 1897-இல் பிராம் ஸ்டோக்கரின் 'டிராகுலா'வுக்கு வந்து சேர்ந்தேன். ஸ்டோக்கர் தன் பேய்ப்பிரபுவுக்கு முதலில் 'வாம்பிர்' என்றுதான் பெயர் வைத்திருந்தாராம். 1890-இல் விட்பி நகர நூலகத்தில் ஒரு பழைய நூலைப் புரட்டும்போது 'டிராகுலா' என்ற பெயர் கண்ணில் பட, மாற்றிவிட்டார். அவரும் நம்மைப் போல் கட்டத்தின் முன் உட்கார்ந்து யோசித்திருக்கிறார்!

டிராகுலாவைத் திருப்பிப்போட்டால் அலுகார்ட். 1943-இல் வந்த ஒரு ஹாலிவுட் படத்தில் பேய்ப்பிரபு தன்னை மறைத்துக்கொள்ளத் தன் பெயரைத் திருப்பி எழுதிக்கொள்வான். அதுவரை படித்தபோது சிரிப்புத்தான் வந்தது. அடுத்து வந்த செய்தியில்தான் நின்றுவிட்டேன். ருமேனியப் பகுதியை ஆண்ட விளாட் என்பவர் 1431-இல் டிராகன் வீரர் அணியில் சேர்ந்ததால் 'டிராகுல்' எனப்பட்டார். அவருடைய மகன் 'டிராகுலா'. டிராகுலா என்றால் டிராகுலின் மகன், அவ்வளவுதான். நம் அடையாள அட்டையில் இருக்கும் அதே 'அனாக் லெலாக்கி'!

அப்பன் பெயரை மறைக்க நான் ஓடி ஒளிந்த இடம், வேறொருவனின் அப்பன் பெயர்.

அன்று விடுதியில் தூக்கம் வரவில்லை. தாத்தா இருந்த தோட்டத்தின் எல்லையில், ஆலமரத்தடியில் ஒரு கருப்பர் இருந்தார். கையில் அரிவாள், முறுக்கிய மீசை, பக்கத்தில் குதிரை. படையலுக்குச் சுருட்டும் சாராயமும். நள்ளிரவில் அவர் தோட்டத்தைச் சுற்றிவருவார், குதிரைக் குளம்புச் சத்தம் கேட்டால் கதவைத் திறக்கக்கூடாது என்பார் தாத்தா. சின்ன வயதில் போர்வைக்குள் நடுங்கியிருக்கிறேன். அந்தச் சாமியின் பெயரைத்தான் தாத்தா தன் மூத்த பிள்ளைக்கு வைத்தார். 'டார்க்' என்று ஆங்கிலத்தில் எழுதினால் கெத்து, அதையே தமிழில் எழுதினால் அவமானம் என்று எனக்கு யார் சொல்லிக்கொடுத்தது? பின்வரிசையில் சிரித்தவனை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. அவனோடு சேர்ந்து நானும் கொஞ்சம் சிரித்தேன்.

போன விடுமுறைக்கு முன் விளையாட்டில் பெயர் மாற்றும் அட்டை ஒன்றை வாங்கினேன். அதே வெற்றுக் கட்டம். 'கருப்பன்' என்று ரோமன் எழுத்தில் தட்டினேன். இந்தப் பெயரை ஏற்கெனவே ஒருவர் பயன்படுத்துகிறார் என்றது. எங்கோ ஒருவன் எனக்கு முன்பே முந்திக்கொண்டான். அவனுக்கு அது அப்பாவின் பெயரோ, சாமியின் பெயரோ! கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, அடையாள அட்டையில் இருப்பதுபோலவே முன்னால் ஏ, எல் என்ற இரண்டு எழுத்துகளைச் சேர்த்தேன். ஏற்றுக்கொண்டது.

'அங்கிள் குமார்' பற்றி அப்பாவிடம் இன்னும் பேசவில்லை. இரண்டு முறை பேச்சை எடுத்தேன். இரண்டு முறையும் அவர் மீன் விலையைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டார்.

புதிதாக அணியில் சேரும் மலாய் நண்பர்கள் என் பெயரை 'அல்-கருப்பன்' என்று படிக்கிறார்கள். அரபுப் பெயரா என்று கேட்கிறார்கள்.

இல்லை, அப்பா பெயர் என்கிறேன்.