அழுதது யார்?

சத்யஜித் ரே 1961இல் ‘தீன் கன்யா’விலிருந்து தன் படங்களுக்குத் தானே இசையமைக்கத் தொடங்கியதை, ஒரு படைப்பாளி முழுமை பெற்ற கட்டம் என்று முன்பொரு கட்டுரையில் எழுதியிருந்தேன். அதற்கு முன் ரவிசங்கர், விலாயத் கான், அலி அக்பர் கான். படத்துக்கென்று வாசித்ததைவிட அவர்கள் தங்கள் ராகத்துக்கென்று வாசித்ததே அதிகம் என்பது என் கட்சி. தனக்கே இசை யோசனைகள் நிறைய வருகின்றன, அதிகம் வழிகாட்டினால் இசையமைப்பாளர்களுக்குப் பிடிப்பதில்லை என்று ரேயும் சொல்லியிருக்கிறார். எனக்கு அது போதுமாக இருந்தது. ஒரே மனம், ஒரே கை. இலக்கியம் படித்தவனுக்கு வருகிற ஆசை.

எங்கள் கிளையின் கேஷியர் கஞ்சிரா வாசிப்பவர். ஒரு ஞாயிற்றுக்கிழமை இருவருமாக ‘பதேர் பாஞ்சாலி’ (1955) பார்த்தோம். மகள் இறந்தது தெரியாமல் ஊர் திரும்பும் ஹரிஹர், அவளுக்கு வாங்கி வந்த சேலையை மனைவியிடம் நீட்டுகிறான். சர்வஜயா அதைப் பல்லில் கடித்துக்கொண்டு குமுறுகிறாள். அவள் குரல் கேட்பதில்லை. அந்த இடத்தில் தார் ஷெனாய் உச்சஸ்தாயியில் கதறுகிறது.

வெளியே வந்ததும் கேட்டார்: “அழுதது யாரு சார்?”

பதில் சொல்ல முடியவில்லை. குரலை எடுத்துவிட்டது ரே. அழுதது ரவிசங்கரின் இசை, வேறு யாரோ பிடித்த வில். மூன்று பேருக்கும் சொந்தமான அழுகை.

ரே பின்னால் அமைத்த இசையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ‘சாருலதா’வில் (1964) அது காட்சியோடு ஒட்டியே நடக்கிறது. ஆனால் மாலையில் கேஷ் நேராவதுபோல எப்போதும் நேராகிவிடுகிறது. படத்துக்குத் தெரியாத எதையும் அது சொல்வதில்லை.

கேஷியர் இதை முழுக்க ஒப்புக்கொள்ளவில்லை. ‘கூபி காயின் பாகா பாயின்’ (1969) படத்துப் பேய் நடனத்தை நினைவுபடுத்தினார். ராகமே கிடையாது, நம் தாள வாத்தியங்கள் மட்டும்: ராஜாக்களுக்கு மிருதங்கம், குடியானவர்களுக்குக் கஞ்சிரா, வெள்ளைக்காரப் பேய்களுக்குக் கடம், குண்டர்களுக்கு மோர்சிங். மெட்டை விட்டுவிட்டுத் தெற்கத்தி விரல்களிடம் காட்சியை ஒப்படைத்த ரே, அங்கே மறுபடியும் தனியாள் அல்ல.

‘முழுமை’ என்ற என் சொல்லை வாபஸ் வாங்குகிறேன். அந்தக் கட்டுரையை யாரிடமும் காட்டாமல் எழுதினேன். இதை அனுப்புமுன் கேஷியரிடம் படித்துக் காட்டினேன். ஒரு பத்தி வேண்டாம் என்றார். எடுத்துவிட்டேன்.