சாத்தானின் சுருட்டும் ஸ்கிராப் வேல்யூவும்

பி.காம். படிக்கிறவனுக்கும் காளானுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். போன செமஸ்டர் வரை எனக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. (சிக்கன் 65 தீர்ந்துபோன நாட்களில் காளான் 65, அவ்வளவுதான்!)

தேர்வுக்குத் தேய்மானக் கணக்கு போட்டுக்கொண்டிருந்த ஒரு ராத்திரி, தூக்கத்தை விரட்ட நெட்டை மேய்ந்தேன். 'சாத்தானின் சுருட்டு' என்ற பெயர் கண்ணில் பட்டது. அறிவியல் பெயர் கோரியோஆக்டிஸ் கியாஸ்டர். நிஜமாகவே சுருட்டு மாதிரிதான் இருக்கிறது. கரும்பழுப்பு நிறம், 12 செ.மீ. வரை நீளம். முற்றியதும் நுனியிலிருந்து பிளந்து நட்சத்திரமாக விரிகிறது. அப்போது உள்ளிருக்கும் நுண்வித்துகள் புகை போலக் கிளம்பும். கூடவே 'உஸ்ஸ்' என்று சத்தமும் வரும். சத்தம் போடும் காளான்! நம்பவே முடியவில்லை.

அதைவிட ஆச்சரியம், அது வளரும் இடம். அமெரிக்காவில் டெக்சாஸும் அதை ஒட்டிய ஓக்லஹோமாவும். அதை விட்டால் பசிபிக் கடலுக்கு அந்தப் பக்கம் ஜப்பான். டெக்சாஸின் ஆஸ்டின் நகரில் கிடைத்த இதற்கு 1893-இல் பெயர் வைத்தார்கள். 1937-இல் ஜப்பானின் கியூஷு தீவிலும் இருப்பதாகத் தெரிந்தது. யாராவது கப்பலில் கொண்டுபோயிருப்பார்களோ? இல்லை. 2004-இல் வெளியான மரபணு ஆய்வு, இந்த இரண்டு குடும்பங்களும் பிரிந்து குறைந்தது 1 கோடியே 90 லட்சம் ஆண்டுகள் ஆகின்றன என்கிறது. மனிதனே இல்லாத காலம்!

சரி, காட்டில் எங்கே வளர்கிறது? பட்டுப்போன மரத்தில். டெக்சாஸில் சீடார் எல்ம் மரத்தின் அடிக்கட்டையிலும் செத்த வேரிலும். ஜப்பானில் பட்டுப்போன ஓக் மரத்தில்.

இதைப் படித்ததும் என் நோட்டைப் பார்த்தேன். ஆயுள் முடிந்த சொத்து, ஸ்கிராப் வேல்யூ: இல்லை. அப்படி எழுதித்தான் இத்தனை நாள் முழு மார்க் வாங்கியிருக்கிறேன். அந்த மர அடிக்கட்டையை என்னிடம் கொடுத்திருந்தால் அதற்கும் பூஜ்யம்தான் போட்டிருப்பேன். இடத்தைச் சுத்தம் பண்ணுகிற கூலியைச் செலவுப் பக்கத்தில் எழுதியிருப்பேன். சுருட்டு தலைகாட்டுவது வருஷத்தில் சில மாதங்கள்தான். மற்ற நாளெல்லாம் பூஞ்சை கட்டைக்குள்ளேயே இழை இழையாகப் பரவிக் கிடக்கும். வெளியே பார்த்தால் வெறும் விறகு. பிடுங்கி எறிகிறவருக்கு, தான் எதை எறிந்தோம் என்றே தெரியாது.

2021-இல் டெக்சாஸ் இதைத் தன் மாநிலக் காளானாக அறிவித்தது. சந்தோஷம்தான். ஆனால் காளானுக்குப் பட்டம் கொடுத்தால் மட்டும் போதுமா? கட்டையையும் அல்லவா விட்டுவைக்க வேண்டும்!

படிப்பு முடிந்ததும் ஏதாவது கம்பெனியில் நானும் இதே கணக்கைத்தான் போடப்போகிறேன். 'ஒன்றுக்கும் உதவாது' என்று எழுதுவதற்கு முன்னால், ஒரு நிமிஷம் அந்த 'உஸ்ஸ்' ஞாபகம் வந்தால் நல்லது.