நெப்போலியனின் தளபதியும் திருமயம் மதிலும்

திருமயம் கோட்டைக்கு ஊர் வழக்கில் ஊமையன் கோட்டை என்று பெயர். 1687இல் கிழவன் சேதுபதி கட்டியது, பின்னர் புதுக்கோட்டைத் தொண்டைமான்கள் வசம் வந்தது. வம்சக் கணக்கு இவ்வளவு போதும். ஊமையன் என்றால் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை; அவரை இங்கே அடைத்து வைத்திருந்தார்கள் என்ற கதைதான் எல்லார் வாயிலும் இருக்கிறது. ஆனால் அவர் சிறையிருந்ததும், 1801 பிப்ரவரியில் தப்பியதும் பாளையங்கோட்டையில். கட்டபொம்மனோடு பிடிபட்டபோது வழியில் சில நாள் இங்கு வைத்திருக்கலாமே என்பார்கள். இருக்கலாம். அதற்காகக் கோட்டையின் கதை முழுவதையும் அதற்குள் அடக்கிவிட முடியாது. இந்த மதிலுக்கு இன்னும் பெரிய கதை உண்டு. அதில் நெப்போலியனின் தளபதி ஒருவருக்கும் இடம் உண்டு.

அவர் பெயர் சார்ல் தெகான். 1800இல் ஹோஹென்லிண்டன் போரில் பெயர் வாங்கியவர். இந்தியாவிலுள்ள பிரெஞ்சுப் பகுதிகளுக்குத் தலைவராக்கி, ஆங்கிலேயர்மேல் வெறுப்புற்ற மன்னர்களின் மனநிலையை அறிந்து வரச்சொல்லி நெப்போலியன் அவரை அனுப்பினார். 1803 ஜூலையில் புதுச்சேரிக் கடலில் வந்து நின்ற தெகானிடம் ஆங்கிலேயர் ஊரை ஒப்படைக்கவில்லை. சில நாள்களில் கப்பலைத் திருப்பிக்கொண்டு மொரிசியஸ் போனவர், 1810இல் அதையும் இழந்தார். கடற்படை பலம் இல்லாததே காரணம் என்று வரலாற்று நூல்கள் சொல்லும். அது பாதி உண்மை. கரையிறங்கியிருந்தாலும் அவர் யாரிடம் போயிருப்பார்? திப்பு 1799இல் வீழ்ந்தார். கட்டபொம்மன் அதே ஆண்டு அக்டோபரில் கயத்தாறில் தூக்கிலேறினார். மருது சகோதரர்களும் ஊமைத்துரையும் 1801இல் தூக்கிலிடப்பட்டார்கள். எஞ்சி நின்ற புதுக்கோட்டைத் தொண்டைமானோ ஆங்கிலேயர் பக்கம். தெகான் வந்து திரும்பிய அதே 1803இல்தான் கீழாநிலைக் கோட்டையும் அதைச் சேர்ந்த சீமையும் தொண்டைமானுக்கு வெகுமதியாகக் கிடைத்தன.

தெகான் இந்த மண்ணை மிதிக்கவே இல்லையே என்று கேட்கலாம். அவரை மிதிக்கவிடாத நிலைமை அரை நூற்றாண்டுக்கு முன்பே இங்கே உருவாகிவிட்டது என்பதே என் வாதம். 1750களில் திருச்சியை பிரெஞ்சுக்காரரும் மைசூராரும் முற்றுகையிட்டபோது, உள்ளேயிருந்த ஆங்கிலப் படைக்கு நெல் போனது தொண்டைமான் சீமை வழியாக. கோபத்தில் 1754இல் பிரெஞ்சுப் படை இந்தச் சீமைக்குள் புகுந்தது. சனங்கள் மாடுகன்றுகளோடு காட்டுக்குள் போய்விட்டார்கள். படைக்குக் கிடைத்தவை பெரும்பாலும் ஆளில்லாத ஊர்கள்தான். தொண்டைமானைத் துரோகி என்பவர்களோடு 1799ஐப் பொறுத்து எனக்கு வழக்கில்லை. கட்டபொம்மனைப் பிடித்துக்கொடுத்ததை எந்த நியாயமும் கழுவாது. ஆனால் அது ஒருநாள் பேராசையில் விளைந்ததல்ல. முற்றுகைக் காலத்தில் தொடங்கிய கூட்டின் தொடர்ச்சி.

இதையெல்லாம் மனத்தில் வைத்துக்கொண்டு திருமயம் குன்றேற வேண்டும். கரடுமுரடான கல்மதில், அதன் தலையில் செங்கல் கைப்பிடிச்சுவர், அதில் துப்பாக்கி நீட்டத் துளைகள். கோட்டையில் எனக்குப் பிடித்த பகுதி இந்தச் செங்கல் வரிசைதான். ஐரோப்பியப் பீரங்கி வரிசைக்கு முன் இது நெடுநாள் நின்றிருக்காது. பாளையக்காரர் சண்டைக்கு, பக்கத்துச் சீமையின் படையெடுப்புக்குக் கட்டியது இது. பிரெஞ்சுக்காரரைத் தடுத்தவை காடும் நெல்லும்தான் என்பதற்கு இந்த மெல்லிய சுவரே சாட்சி. பாதிக் குன்றில், பாறையைக் குடைந்த சிறு அறையில் லிங்கம் இருக்கிறது. இரும்பு ஏணியில் ஏறித்தான் பார்க்க வேண்டும். உச்சிக் கொத்தளத்தில் பீரங்கி. பலருக்கு அது படம் எடுத்துக்கொள்ள ஓர் இடம், அவ்வளவே.

ஏழு சுற்று இருந்ததாகச் சொல்லப்படும் மதில்களில் நான்குதான் மிஞ்சியிருக்கின்றன. மிச்சமுள்ள செங்கல்லில் காதலர் பெயர் கீறுவதைப் பார்த்தால் வயிறு எரிகிறது. செப்பனிடுகிறவர்கள் சுண்ணாம்புச் சாந்தை விட்டு சிமெண்ட் பூசினால் அந்தத் துளைகளும் தூர்ந்துவிடும். திருமயத்தையும் கீழாநிலையையும் ஒரே கதையின் இரண்டு முனைகளாகக் காட்டும் பலகை ஒன்றை இரு கோட்டை வாசலிலும் வையுங்கள். அதில் 1754, 1799, 1803 என்ற மூன்று ஆண்டுகளும் இருக்கட்டும்.