காரையாற்றங்கரைக் குடில்

சென்னையில் சாமி கும்பிடுவதற்கு ஒரு குறையும் இல்லை. வேளச்சேரியிலிருந்து அலுவலகம் போகிற வழியெல்லாம் பிள்ளையார். வண்டியை நிறுத்தி, ஒரு காலை ஊன்றியபடியே கன்னத்தில் போட்டுக்கொண்டு கிளம்புகிறவர்களில் நானும் ஒருத்தி. அந்த அரை நிமிட பக்தி நிஜமானதுதான். அதைக் குறைத்துப் பேச எனக்கு மனம் வராது. ஆனால் இங்கே நான் சாமியைப் பார்த்துவிட்டுப் போகிறேன். சொரிமுத்தையனார் கோயிலில் நாங்கள் சாமியோடு தங்கியிருந்தோம்.

ஆடி அமாவாசை என்றால் பாபநாசத்துக்கு மேலே, காரையாறு காட்டுக்குள், தாமிரபரணிக் கரையில் அந்தக் கோயிலருகே குடில் போடுவோம். பெரியப்பா கம்பு நட்டுத் தார்ப்பாய் கட்டுவார். சித்தி கல்லைக் கூட்டி அடுப்பு மூட்டுவாள். ஆற்றில் குளிப்பது, பொங்கலிடுவது, கிடா வெட்டுவது, மணலில் வரிசையாகப் படுத்துறங்குவது எல்லாமே கும்பிடுவதில் சேர்த்தி. ராத்திரி அங்குள்ள காவல் தெய்வம் சங்கிலி பூதத்தாருக்குக் கொட்டு முழங்கும். அருள் வந்து ஆடுகிற கோமரத்தாடியிடம் திருநீறு வாங்கும் அத்தை, வீட்டுப் பெரியவரிடம் முறையிடுவதுபோலத் தன் கஷ்டத்தையெல்லாம் சொல்லி அழுவாள். சிங்கம்பட்டி ராஜா முருகதாஸ் தீர்த்தபதி ராஜ உடையில் கோயில் தர்பாரில் வீற்றிருப்பதைத் தாத்தாவின் தோளில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். 2020 மே மாதம் அவர் காலமான செய்தி வந்தபோது அந்த ஆடி ராத்திரிகளை நினைத்துத்தான் எனக்கு அழுகை வந்தது.

அதே கோயிலில் இருக்கும் பட்டவராயன் சன்னதியை இன்னும் மறக்க முடியவில்லை. அவருக்கு நேர்ச்சை தோல் செருப்பு. புதுச் செருப்பைக் கட்டித் தொங்கவிட்டு வருவார்கள். அடுத்த வருஷம் போனால் அது தேய்ந்திருக்கும், மண் ஒட்டியிருக்கும். குதிகால் தேய்ந்த இடத்தை ஆச்சி விரலால் தொட்டுக் காட்டுவாள்: "நாம தூங்கும்போது போட்டுக்கிட்டு நடந்திருக்காரு பாரு." காவலுக்கு ஆளிருக்கிறது என்ற அந்த நிம்மதியில்தான் காட்டுக்குள் அப்படித் தூங்கினோம். சென்னையில், பூட்டிய கதவுக்குள், அப்படி ஒரு தூக்கம் எனக்கு வாய்க்கவில்லை.

ஆச்சி இப்போது இல்லை. பெரியப்பாவுக்கு முடியவில்லை. அண்ணன் தம்பிகள் ஓசூரிலும் துபாயிலும் இருக்கிறார்கள். அந்தக் காடு புலிகள் காப்பகம் என்பதால் வனத்துறையின் கட்டுப்பாடுகளும் உண்டு. காட்டுக்கும் ஆற்றுக்கும் அது வேண்டியதுதான். காலையில் போய்ச் சாயங்காலத்துக்குள் திரும்பிவிடலாம் என்கிறார்கள் வீட்டில். கும்பிட்டுத் திரும்புவதற்கு இங்கேயே கோயில்கள் இருக்கின்றன. எனக்கு அங்கே ராத்திரி படுக்க வேண்டும்.